லாயாங் லாயாங் மதகுக்கு அந்தப் பக்கம்

காலத்தைத் தாண்டிப் போன முதல் ஆட்கள் என்றால் பெரிய படிப்புப் படித்தவர்கள், தலையில் விளக்கும் முதுகில் ஆக்ஸிஜனும் கட்டியவர்கள் என்றுதான் நானும் நினைத்திருப்பேன். போனது நாங்கள் நாலு பேர். தம்போயில் லாரி எஞ்சின் பிரிக்கும் பட்டறையில் வேலை பார்த்த என் கணவர். அதே தம்போயில், பாட்டில் மூடி செய்யும் தொழிற்சாலையில் சரிபார்க்கும் வேலை செய்யும் நான். ரயில் பாதை காண்ட்ராக்டில் சைட் சூப்பர்வைசராக இருந்த என் அண்ணன். தங்காக்கில் ஜவுளிக்கடை வைத்திருக்கும் என் கணவரின் சிநேகிதர். எங்கள் கையில் இருந்தது ஒரு டார்ச் லைட்டும் ஒரு ஃபிளாஸ்க் தே ஓவும்தான், பால் விடாத தேநீர். நாலு பேர் போனோம், மூன்று பேர் திரும்பினோம். திரும்பாதவர் என் கணவர்.

அண்ணன் போன் செய்தது ஒரு விடுமுறை நாள் காலையில். அண்ணன் லேசில் பதறுகிறவர் இல்லை. நாங்கள் சின்னப் பிள்ளைகளாக இருந்தபோது ஒருமுறை காற்றில் வீட்டுக் கூரைத் தகரம் பறந்தது. எல்லோரும் கத்திக்கொண்டு வெளியே ஓடினோம், அவர் மட்டும் குடித்துக்கொண்டிருந்த காப்பியை முடித்துவிட்டு எழுந்து வந்தார். அப்படிப்பட்டவரின் குரல் அன்று நடுங்கியது.

"தங்கச்சி, மாப்பிள்ளையக் கூட்டிக்கிட்டு லாயாங் லாயாங் வா. சைட்டுக்கு வா. போன்ல சொன்னா நீ நம்ப மாட்டே லா."

லாயாங் லாயாங்கில் அப்போது பழைய ஒற்றைத் தண்டவாளத்தை ஒட்டி இரட்டைப் பாதை போடும் வேலை நடந்துகொண்டிருந்தது. மின்சார ரயில் வரப்போகிறது என்று மண்ணை வெட்டி மேட்டை உயர்த்தி, ஊரே சிவப்புத் தூசியாகக் கிடந்தது. பழைய மேட்டுக்கு அடியில் ஒரு செங்கல் மதகு இருந்தது. வெள்ளைக்காரன் காலத்தில் மழைத் தண்ணீர் ஓடுவதற்காகக் கட்டியது. ஆள் குனிந்து போகலாம். பக்கத்திலேயே புதிதாகக் கான்கிரீட் லோங்காங், பெரிய வடிகால், கட்டித் தண்ணீரைத் திருப்பிவிட்டார்கள், அதனால் பழையதைச் சிமெண்ட் ஊற்றி அடைத்துவிட வேண்டும் என்று உத்தரவு. அடைப்பதற்கு முன்னால் விரிசல் எப்படி இருக்கிறது என்று பார்க்க அண்ணன் உள்ளே போனார். அந்தப் பக்கம் வெளியே வந்து நிமிர்ந்தால், தலைக்கு மேலே வரிசையாகக் கம்பங்கள், கம்பங்களில் மின்கம்பி. அன்றைக்கு அந்த இடத்தில் ஒரு கம்பம்கூட நடப்படவில்லை.

"மச்சான், நேத்து என்ன குடிச்சீங்க?" என்று என் கணவர் சிரித்தார். அண்ணன் சிரிக்கவில்லை. வாங்க என்று முன்னால் நடந்தார்.

மதகின் வாய்க்குப் பக்கத்தில் ஒரு மரத்தடியில் முனீஸ்வரர் கல் இருந்தது. எப்போதோ தண்டவாள வேலைக்கு வந்த நம் ஆட்கள் மஞ்சள் பூசி வைத்தது. மதகுக்குள் போக வேண்டுமென்றால் அந்தக் கல்லைத் தாண்டித்தான் போக வேண்டும். சாமியை வைத்துக்கொண்டு செருப்போடு போக முடியுமா? யாரும் யாருக்கும் சொல்லவில்லை. மூன்று பேரும் செருப்பைக் கழற்றிக் கல்லுக்கு ஓரமாக விட்டோம். அண்ணன் பாதுகாப்பு பூட்ஸையே கழற்றினார்.

உள்ளே போனது கொஞ்ச தூரம்தான். பாதி வழியில், மலை ஏறும் பஸ்ஸில் அடைப்பதுபோலக் காது அடைத்தது. எச்சில் விழுங்கினேன், விட்டுவிட்டது. வெளியே வந்ததும் எனக்கு முதலில் பட்டது சுத்தம். சிவப்புத் தூசி இல்லை. எக்ஸ்கவேட்டர் சத்தம் இல்லை. மேட்டின் மேல் இரண்டு தண்டவாளம் பளபளவென்று ஓடியது, மேலே கம்பி. எதிரே செம்பனைக் காடு. அந்தச் செம்பனையைத்தான் நான் திரும்பத் திரும்பப் பார்த்தேன். எங்கள் பக்கத்தில் அந்தத் தோட்டம் அப்போதுதான் மறுநடவு செய்திருந்தது, கன்று முழங்கால் உயரம்கூட வரவில்லை. இங்கே மரங்கள் என் தலைக்கு மேல் இன்னும் இரண்டு ஆள் உயரம் நின்றன.

அண்ணன் சூப்பர்வைசர் ஆவதற்கு முன் தோட்டத்தில் குலை வெட்டியவர். அண்ணாந்து பார்த்துவிட்டுச் சொன்னார்: "இது உளி வெச்சு வெட்ற மரம் இல்ல. கம்பு அரிவாள் போட்டு வெட்ற மரம். பத்து வருஷம் இருக்கும். பன்னெண்டும் இருக்கலாம்."

நான் பக்கத்தில் நின்றவர் கையைப் பிடித்துக்கொண்டேன். பிடித்தது அண்ணன் கையையா கணவர் கையையா என்றுகூட இப்போது ஞாபகம் இல்லை. அவ்வளவு பயம். உடனே திரும்பிவிட்டோம். இந்தப் பக்கம் வந்து பார்த்தால் நாங்கள் எவ்வளவு நேரம் போயிருந்தோமோ அவ்வளவு நேரம்தான் இங்கும் ஓடியிருந்தது. இடையில் இருக்கும் அந்தப் பத்துப் பன்னிரண்டு வருடம் கூடவும் இல்லை, குறையவும் இல்லை.

வெளியே சொன்னால் அண்ணனுக்கு வேலை போய்விடும், எங்களைப் பைத்தியம் என்பார்கள். அதோடு, எப்படியும் அடைக்கப் போகிற மதகு. அதுவரை நாம் மட்டும் பார்த்துக்கொள்வோம் என்று முடிவு செய்தோம். அண்ணன் ஒரே ஒரு விதி வைத்தார். பெரிய சுரங்க வேலைகளில் உள்ளே போகிறவன் தன் பெயர் அட்டையை வாசலில் மாட்டிவிட்டுப் போக வேண்டுமாம், வெளியே வந்ததும் எடுத்துக்கொள்ள வேண்டுமாம். அட்டை தொங்கினால் ஆள் உள்ளே என்று அர்த்தம். "நமக்கு அட்டை எதுக்கு? செருப்பு போதும். செருப்பு கெடந்தா ஆள் உள்ள. செருப்பு இருக்கிற வரைக்கும் நான் யாரையும் அடைக்க விட மாட்டேன்," என்றார். எங்களுக்கும் அது சரியாகப் பட்டது. கோயில் வாசலில் செருப்பைப் பார்த்தே யார் யார் உள்ளே இருக்கிறார்கள் என்று சொல்லிவிடுகிற ஜனம் நாங்கள்.

ஜவுளிக்கடைக்காரரைக் கூட்டி வந்தது என் கணவர். அவருடைய வேன் எஞ்சினை வருடக்கணக்காக என் கணவர்தான் பார்த்தார், அதில் வளர்ந்த சிநேகிதம். அவர் குடும்பம் செட்டிநாட்டுப் பக்கத்திலிருந்து வந்தது. பேச்சு தேனாக இருக்கும், எதற்கும் ஒரு லாபக் கணக்கு இருக்கும். அந்தப் பக்கம் வந்து நின்று செம்பனையைப் பார்த்துவிட்டு அவர் கேட்ட முதல் கேள்வி, "அப்ப பத்து வருசம் கழிச்சு பொம்பளைங்க சேலை கட்டுவாங்களா, மாட்டாங்களா?"

"முதலாளி, இங்க செம்பனை மரந்தான் நிக்குது. அதுகிட்ட கேளுங்க," என்றார் என் கணவர்.

என் கணவருக்கு ஒரே பைத்தியம், எஞ்சின். கல்யாணமான புதிதில் என்னைக் கடற்கரைக்குக் கூட்டிப்போகிறேன் என்று சொல்லி, வழியில் பழுதாகி நின்ற சரக்கு லாரியைப் பார்த்ததும் இறங்கிவிட்டார். நான் சாலையோரத்தில் ராம்புத்தான் வாங்கித் தின்றுகொண்டே பொழுது சாய்ந்தது. அதற்கு நான் திட்டிய திட்டை அவர் அப்புறம் எப்போதும் சொல்லிச் சிரிப்பார். நான் அவரிடம் எப்போதும் 'வாங்க, போங்க' என்றுதான் பேசுவேன். கோபம் வந்தால் மட்டும் அந்த 'ங்க' போய்விடும். அது போய்விட்டால் அவருக்கு உள்ளூர சந்தோஷம். எங்களுக்குப் பிள்ளைகள் இல்லை. வீட்டில் சத்தம் போட நான் ஒருத்திதான்.

அடைக்கிற நாள் வந்தது. "மத்தியானம் சிமெண்ட் லாரி வந்துடும். அதுக்குள்ள போய்ட்டு வந்துடுங்க. இன்னிக்கு நான் வெளியதான் நிப்பேன்," என்றார் அண்ணன். நானும் என் கணவரும் ரப்பர் செருப்பைக் கல்லோரத்தில் விட்டோம். ஜவுளிக்கடைக்காரர் மட்டும் காரிலிருந்தே வெறுங்காலில் வந்தார். புதுத் தோல் செருப்பாம், சிங்கப்பூரில் வாங்கியதாம். வெளியே விட்டால் எவனாவது மாட்டிக்கொண்டு போய்விடுவான் என்று கார் டிக்கியில் வைத்துப் பூட்டிவிட்டார். கோயிலுக்குப் போனாலும் அவர் அப்படித்தான். அதை நாங்கள் மூன்று பேரும் பார்த்தோம், கேலிகூடச் செய்தோம். அந்தக் கேலியோடு அதை மறந்தும் விட்டோம்.

அந்தப் பக்கம் நாங்கள் போய் நின்ற சற்று நேரத்தில் ரயில் வந்தது. அதுவரை நாங்கள் அங்கே ரயிலையே பார்த்ததில்லை. புகை இல்லை, கடகடப்பு இல்லை. ஏதோ வருகிறது என்று தெரிவதற்குள் முகத்தில் காற்றடித்துவிட்டுப் போய்விட்டது. ஜவுளிக்கடைக்காரர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு மதகின் வாயோரத்திலேயே உட்கார்ந்துவிட்டார். என் கணவர் மேட்டில் பாதி ஏறி நின்றார்.

"சத்தமே இல்ல பாத்தியா! எஞ்சின் எங்க இருக்குன்னே தெரியல. அடுத்தது வரட்டும், கிட்டத்துல பாத்துட்டு வந்துடறேன்."

"அண்ணனுக்கு லாரி வந்துடும். வாங்க போலாம்."

"நீ போ. போய் மச்சான்கிட்ட சொல்லு, பின்னாடியே வரோம்னு. ஒரே ஒரு ரயில்தான்."

"மொதலாளி, நீங்களாச்சும் இவரக் கூட்டிக்கிட்டு வாங்க," என்று சொல்லிவிட்டு நான் மதகுக்குள் குனிந்தேன். திரும்பிப் பார்த்தேன். மேட்டின் மேல் இடுப்பில் கை வைத்து நின்றுகொண்டிருந்தார், வெறுங்கால், முழங்கால் வரை மடித்த கால்சட்டை. நான் கடைசியாக அவரைப் பார்த்தது அப்படித்தான்.

வெளியே வந்து செருப்பை மாட்டினேன். அண்ணனிடம் இன்னும் இரண்டு பேர் உள்ளே இருக்கிறார்கள் என்று சொன்னேன். அவர் கல்லோரத்தைப் பார்த்துத் தலையாட்டினார். எல்லோருக்கும் பசிக்குமே என்று நான் ஸ்டேஷனுக்கு எதிரே இருந்த கடைக்கு நடந்தேன். நாசி லெமாக் சோறு நாலு பொட்டலம், தே தாரேக் தேநீர் நாலு சொன்னேன்.

அதற்குப் பிறகு நடந்ததை அண்ணன் சொல்லித்தான் எனக்குத் தெரியும். லாரி ஓட்டுநர் வழி தவறிவிட்டான் என்று போன் வர, அண்ணன் சாலைவரை போயிருக்கிறார். லாரியைக் கூட்டிக்கொண்டு திரும்பும்போது ஜவுளிக்கடைக்காரரின் கார் செம்மண் பாதையில் திரும்பிப் போய்க்கொண்டிருந்தது. வந்து கல்லோரத்தைப் பார்த்தார். அங்கே ஒரு செருப்பும் இல்லை. இரண்டு பேரும் வெளியே வந்துவிட்டார்கள், மாப்பிள்ளை காரில் ஏறி நான் இருந்த சாப்பாட்டுக் கடைக்குப் போயிருக்கிறார் என்று அவருக்குத் தோன்றியது. யாருக்கும் அப்படித்தான் தோன்றும். மதகின் அந்தக் கோடியில் பலகை அடித்து அடைத்தாயிற்றா என்று பார்க்க ஆளை மேட்டுக்கு மேலே அனுப்பினார்; மேல் வழியாகப் போனால் அந்தப் பக்கமும் எங்கள் காலம்தான். வங்காளதேசத்து மேஸ்திரியைப் பார்த்து "பொலே தூத்துப்" என்றார். அடைக்கலாம் என்று அர்த்தம். மூன்று வருடமாக அண்ணன் தூக்கத்தில் அந்த இரண்டு சொல்லைத்தான் சொல்கிறாராம். அண்ணி சொன்னாள்.

நான் கடையில் உட்கார்ந்திருந்தேன். தே தாரேக்கில் ஆடை கட்ட ஆரம்பித்தது. அண்ணன் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு வந்து எதிரே உட்கார்ந்து ஒரு கிளாஸை இழுத்தார். சுற்றிப் பார்த்தார்.

"மாப்பிள்ளை எங்க? பாத்ரூம்லயா?"

"என்ன என்னைக் கேக்கிற? அங்கதானே இருக்காரு."

"இங்க வரலியா?"

"இல்லையே."

அண்ணன் கிளாஸைக் கீழே வைத்தார். அது மேஜை விளிம்பில் பட்டுக் கவிழ்ந்து என் மடியெல்லாம் தேநீர். சூடு உறைக்கவில்லை. நாங்கள் இருவரும் ஓடினோம். நான் அப்படி ஓடியது பள்ளிக்கூட நாளில்கூட இல்லை. தண்டவாளத்துச் சல்லிக்கல்லில் இரண்டு முறை விழுந்தேன். "பெர்ஹெந்தி! பெர்ஹெந்தி!" என்று நிறுத்தச் சொல்லி அண்ணன் கத்திக்கொண்டே போனார். மேஸ்திரி குழாயை நிறுத்தினான். அதற்குள் மதகின் வாய் நிறைந்து சிமெண்ட் குழம்பு வெளியே வழிந்துகொண்டிருந்தது. அண்ணன் அதற்குள் கையை விட்டு வாரினார். வார வார அது நிறைந்தது. இடுப்புவரை உள்ளே இறங்கிவிட்டவரை நாலு பேர் சேர்ந்து இழுத்துப் போட்டார்கள். நான் மேட்டின் மேல் ஏறி அந்தப் பக்கம் பார்த்தேன். சிவப்புத் தூசி, முழங்கால் உயரச் செம்பனைக் கன்று, கம்பமே இல்லாத வானம். அவர் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டேன். கணவன் பெயரை வாய்விட்டுச் சொன்னது வாழ்க்கையில் அதுதான் முதல் தடவை.

சிமெண்ட் இறுகுவதற்குள் எக்ஸ்கவேட்டரை வைத்து மேட்டையே பிளந்தார் அண்ணன். என்ன காரணம் சொன்னாரோ, யார் கையெழுத்தில் செய்தாரோ, எனக்குத் தெரியாது. அவருக்கு வேலை போனது அதனால்தான். குழம்பு முழுவதையும் வெளியே எடுத்துக் கொட்டி, நான் என் கையாலேயே கிளறிப் பார்த்தேன். எனக்கு இருந்த பயம் ஒன்றே ஒன்று. திரும்பி வரும் வழியில் அவர் உள்ளேயே மாட்டிக்கொண்டிருந்தால்? குழம்புக்குள் யாரும் இல்லை. செங்கல்லும் சேறும்தான். மதகைப் பிளந்து அந்தக் கோடிவரை போனால், வெளியே அதே கன்று, அதே தூசி. போகும் வழி போய்விட்டது. ஆனால் அவர் சாகவில்லை. அன்றைக்கு அந்தச் சேற்றில் உட்கார்ந்து நான் அழுதது சந்தோஷத்திலும்தான்.

சாயங்காலம் ஜவுளிக்கடைக்காரருக்குப் போன் போட்டோம்.

"நான் அப்பவே வந்துட்டேனேம்மா. எனக்கு நெஞ்சு படபடன்னு இருந்திச்சு, அவர வாங்கன்னேன், அடுத்த ரயிலப் பாத்துட்டு வரேன்னாரு. வெளிய வந்தா கல்லு கொதிக்குது, கால் வைக்க முடியல. அங்க ஒரு ரப்பர் செருப்பு கெடந்திச்சு. கார் வரைக்கும் போட்டுக்கிட்டுப் போயி, என் செருப்ப மாட்டிக்கிட்டு, அத அங்கயே ஓரமா வெச்சிட்டேன். ஏம்மா? காணோமா?"

கார் நின்ற இடத்துக்குப் போனேன். செம்மண் பாதையோரம், லாலான் புல்லுக்குப் பக்கத்தில், அவருடைய செருப்பு ஜோடியாக, மரியாதையாக இருந்தது. அந்த மனிதரை நான் எப்படித் திட்டுவது? கால் சுட்டால் நானும் அதைத்தான் செய்திருப்பேன். கோயில் வாசலில் எத்தனை தடவை செய்திருக்கிறோம். திட்டவில்லை. ஆனால் அவர் கடைப்பக்கம் இன்றுவரை நான் போகவில்லை, அவர் அனுப்பிய தீபாவளிச் சேலையைப் பிரிக்கவும் இல்லை.

மற்றவர்கள் எப்படிப் புரிந்துகொண்டார்களோ, எனக்கு விஷயம் இரண்டொரு வாரத்தில் தெளிவாகிவிட்டது. தொழிற்சாலையில் மூடிகள் பெல்ட்டில் வந்துகொண்டே இருக்கும், நான் பார்த்துக்கொண்டே இருப்பேன், யோசிக்க நிறைய நேரம். அவர் அங்கே பத்துப் பன்னிரண்டு வருடத்துக்கு அப்பால் நிற்கிறார். திரும்பி வரும் வழி இல்லை. ஆனால் நான் அங்கே போக வழி இருக்கிறது. சும்மா உயிரோடு இருந்தால் போதும், ஒவ்வொரு நாளாக நானே அங்கே போய்ச் சேர்ந்துவிடுவேன். மதகு அடைபட்டதைப் பார்த்து அவர் திகைத்துத் திரும்பி வெளியே வரும்போது நான் அந்தக் கோடி வாசலில் நிற்க வேண்டும். அவருக்கு அது சில நிமிடம். எனக்குத்தான் பத்து வருடம். அவர் போனபோது என்னைவிட மூன்று வயது மூத்தவர். நான் போய்ச் சேரும்போது என்னைவிட இளையவராக இருப்பார். தலை நரைத்து மூட்டு வலியோடு நிற்கிறவளைப் பார்த்து இது யார், என் மாமியாரா என்று கேட்டாலும் கேட்பார். அதை நினைத்து நான் பல நாள் அழுதிருக்கிறேன். கண்ணாடியைப் பார்க்கவே எரிச்சலாக இருக்கும்.

இந்த வீட்டை மாற்றவில்லை, போன் நம்பரை மாற்றவில்லை. உறவுக்காரர்கள் வந்து, போனவர் போனவர்தான், ஒரு காரியத்தையாவது செய்து முடி, ஆத்மா அலையும் என்றார்கள். தாலியைப் பார்த்துப் பார்த்துப் பேசினார்கள். "அவர் நிக்கற நாளே இன்னும் வரலை, அதுக்குள்ள பிண்டமா?" என்று கேட்டேன். துக்கத்தில் புத்தி பேதலித்துவிட்டது என்று போய்விட்டார்கள். பட்டறைத் தவ்கே, அவருடைய முதலாளி, வேறு கதை கட்டினார், பாத்தாம் தீவில் எவளோ ஒருத்தியோடு இருக்கிறார் என்று. அதற்கு மட்டும் எனக்குச் சிரிப்பு வந்தது.

மாதம் ஒருமுறை லாயாங் லாயாங் போய்ச் செம்பனையைப் பார்த்துவிட்டு வருவேன். மரம் இப்போது என் உயரம் தாண்டிவிட்டது, முதல் குலை தள்ளிவிட்டது. கம்பங்கள் வந்துவிட்டன, கம்பியும் வந்துவிட்டது. ஒவ்வொன்றாக வருவதைப் பார்க்கப் பார்க்க எனக்கு ஆவல் கூடியது. போன மாதம்வரை அப்படித்தான் இருந்தது. போன மாதம் கிளினிக்கில் டாக்டர் என் சிறுநீரக ரிப்போர்ட்டை வைத்துக்கொண்டு, டயாலிசிஸ் என்ற சொல்லை முதல் தடவையாகச் சொன்னார். சர்க்கரை வந்து பல வருடம் ஆகிறது. நான் கண்டுகொள்ளாமல் இருந்துவிட்டேன்.

அதை அண்ணனிடம் சொன்னேன். அவர் வாரம் தவறாமல் ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் வருவார். காய்கறி வாங்கி வருவார், பழுதான பல்பை மாற்றுவார், என் முகத்தை மட்டும் நேராகப் பார்க்க மாட்டார். அன்றைக்குப் பார்த்தார்.

"தங்கச்சி, ஒண்ணு கேக்கணும். ரொம்ப நாளா கேக்கணும்னு இருக்கு."

"கேளு."

"அன்னைக்கு நீ அந்தப் பக்கம் நின்னப்ப, அங்க வேற யாராச்சும் இருந்தாங்களா? வயசான பொம்பளை யாராச்சும்?"

என் கை காரட்டைச் சீவிக்கொண்டிருந்தது, நின்றது. அவர் ஒரு நாள் இந்த யோசனைக்கு வந்து சேர்வார் என்று எனக்குத் தெரியும். நான் எப்போதோ வந்து சேர்ந்துவிட்டேன். அந்த நாளுக்கு நான் போய்ச் சேர்ந்துவிடுவேன் என்றால், அன்றைக்கே நான் அங்கே இருந்திருக்க வேண்டும்.

"யாரும் இல்ல," என்றேன்.

அண்ணன் கையிலிருந்த பழைய பல்பை மேஜையில் வைத்தார்.

"மரத்துக்குப் பின்னாடி நின்னுருப்பேன். அந்தக் கிறுக்கி, அன்னைய நான், கெளம்பற வரைக்கும் மறைஞ்சு நின்னுருப்பேன்," என்றேன்.

"நீயா?" என்றார் அண்ணன். "அந்த எடத்துல நீ சும்மா நின்னுருப்பியா? ஓடி வந்து அவர் காதப் பிடிச்சு இழுத்து மதகுக்குள்ள தள்ளியிருக்க மாட்டே?"

அவர் சொன்னது சரி. பத்து வருடக் கோபத்தோடு ஒருத்தி அந்தச் செம்பனைக்குப் பின்னால் இருந்திருந்தால் அந்தக் காடே அதிர்ந்திருக்கும். அன்று இலைகூட அசையவில்லை.

"அப்ப வர்ற வழியில ஜாம்ல மாட்டியிருப்பேன் லா. கூலாய்ல எப்பவும் ஜாம்தானே," என்றேன். ரெண்டு பேருமே சிரிக்கவில்லை. அண்ணன் முகத்தைத் துண்டால் மூடிக்கொண்டு அழுதார். கூரை பறந்தபோது காப்பி குடித்த மனிதர். மூன்று வருடமாக அவர்மேல் எனக்கு இருந்த கோபம் முதல் தடவையாகப் போனது. பயம் மட்டும் மிச்சம் இருந்தது. நான் செத்துப்போவதைப் பற்றிக்கூட அவ்வளவு பயம் இல்லை. அந்த மனுஷன் வெறுங்காலோடு வெளியே வந்து நின்று, என்னைத் தேடுவாரே. அதுதான் தாங்கவில்லை.

"அண்ணே, அழாதே. நான் எப்படியும் பாக்கறேன். ஊசி போட்டுக்கறேன், டயாலிசிஸும் பண்ணிக்கறேன், சாப்பாட்டக் கட்டிப்போடறேன். லேட்டா போய்ச் சேந்தாலும் சேந்துடுவேன். ஆனா நான் இல்லைன்னா, நீ இருக்கணும்."

"நானும்தான் அன்னைக்கு அங்க இல்லியே."

"நீ எப்பவும் லேட்டுதானே. கொஞ்சம் லேட்டா, நாங்க கெளம்பினப்புறம் வந்தா போதும். மரம் அந்த உயரம் வந்ததும் தெனம் போய் நில்லு. உன் மகனையும் கூட்டிக்கிட்டுப் போ."

அண்ணன் மூக்கைச் சிந்தினார். துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு கேட்டார்: "வந்தா நான் என்ன சொல்லணும்? மாப்பிள்ளைகிட்ட எந்த மூஞ்சிய வெச்சுக்கிட்டுப் பேசறது?"

"மொதல்ல திட்டு."

"என்ன?"

"நான் திட்டற மாதிரியே திட்டு. 'ங்க' போடாம. அவருக்கு உடனே புரியும், நான் அனுப்பின ஆள்னு."

அண்ணன் தொண்டையைக் கனைத்தார். "ஏன் மாப்பிள்ளை, இப்படிப் பண்ணிட்டீங்களே..." என்று ஆரம்பித்தார்.

"நான் எந்தக் காலத்தில இப்படித் திட்டியிருக்கேன்? கேட்டுக்கோ." நான் எழுந்து நின்றேன். இடுப்பில் கை வைத்துக்கொண்டேன். மூன்று வருடமாக வீட்டில் யாரையும் நான் சத்தம் போட்டுப் பேசியதில்லை என்பது அப்போதுதான் உறைத்தது. "ஏன்யா, அறிவு கெட்ட மனுஷா! ரயிலப் பாத்ததே இல்லியா நீ? பொண்டாட்டி ஒருத்தி வெயில்ல காத்துக்கிட்டுக் கெடப்பாளேன்னு ஒனக்குத் தோணலியா? அந்த இரும்புச் சாமானையே கட்டிக்கிட்டு அழ வேண்டியதுதானே, என்னை ஏன்யா கட்டினே?"

பக்கத்து வீட்டு மலாய்க்கார அம்மா ஜன்னலைத் திறந்து பார்த்தார். அண்ணன் வாயைப் பிளந்து உட்கார்ந்திருந்தார்.

"இப்ப நீ சொல்லு," என்றேன்.

சொன்னார். குரல் எழும்பவில்லை. இன்னொரு தடவை சொல்லச் சொன்னேன். பாதியில் உடைந்தது. மறுபடியும் ஆரம்பித்தார். இந்தத் தடவை கையை ஓங்கிக்கொண்டு, கண்ணில் தண்ணீர் ஓட ஓட, 'என்னை ஏன்யா கட்டினே' வரைக்கும் ஒரு சொல் விடாமல் கத்திவிட்டு மூச்சு வாங்கினார்.

"இப்ப சரி," என்றேன். "அதுக்கப்புறம் எங்கயாச்சும் கூட்டிக்கிட்டுப் போய் வயிறு நெறைய சாப்பிட வை. நான் இல்லைங்கறத சாப்பிட்டு முடிச்சப்புறம் சொல்லு."